ஆறு நாளில் ஐந்து ஆட்டம்: சுவானிக் கல்லூரியின் 1899



வரலாற்று வகுப்பு என்றாலே ராஜா, போர், உடன்படிக்கை, ஆண்டு, இவ்வளவுதானா என்று பின் வரிசையில் சிலர் முனகுவீர்கள். அது என் காதில் விழாமல் இல்லை. இன்றைக்கு ராஜா கிடையாது. ஒரு மலைக் கல்லூரி, ஏறத்தாழ இருபது மாணவர்கள், ஒரு ரயில் பயணம், இரண்டு பீப்பாய்த் தண்ணீர். இவ்வளவுதான் கதை. 1899-ஆம் ஆண்டு அமெரிக்காவில் நடந்தது. கொஞ்சம் நீளமான பதிவு. காலைக் காப்பியோடு சாவகாசமாக உட்கார்ந்து படியுங்கள்.

முதலில் இடத்தைப் பார்த்துவிடுவோம். வரைபடம் இல்லாமல் வரலாறு இல்லை என்று நான் சொல்வது உங்களுக்கு நினைவிருக்கும்.

அமெரிக்காவின் தென்பகுதியில் டென்னசி என்றொரு மாநிலம். அதில் கம்பர்லாந்து பீடபூமியின் மேல், காட்டுக்கு நடுவே சுவானி என்ற சிற்றூர். அங்கே ஒரு பல்கலைக்கழகம் இருக்கிறது. அதன் முழுப் பெயரைத் தமிழில் 'தென்னகப் பல்கலைக்கழகம்' என்று சொல்லலாம். ஆனால் எல்லோரும் ஊர்ப் பெயரைச் சொல்லித்தான் அழைப்பார்கள், சுவானி என்று.

1857-இல் எபிஸ்கோபல் திருச்சபையின் தென் மாநில ஆயர்கள் கூடி இதைத் தொடங்க முடிவு செய்தார்கள். அடிமை உழைப்பில் செழித்த பருத்தி, கரும்புத் தோட்டக்காரர்களின் பிள்ளைகள் படிப்புக்காக வடக்கே போக வேண்டாம், இங்கேயே படிக்கட்டும் என்பது எண்ணம். 1860-இல் அடிக்கல் நாட்டினார்கள். மறு ஆண்டே உள்நாட்டுப் போர் வெடித்தது. திட்டத்துக்கு முன்னின்ற ஆயர்களில் ஒருவரான லியோனிடாஸ் போல்க், தென்தரப்பில் தளபதியாகப் போய் 1864-இல் போர்க்களத்திலேயே இறந்தார். நாட்டிய அடிக்கல்லை 1863-இல் வடக்குப் படையினர் வெடிவைத்துத் தகர்த்துவிட்டார்கள். போர் முடிந்து 1868-இல் கல்லூரி திறந்தபோது ஆசிரியர்கள் நான்கு பேர், மாணவர்கள் ஒன்பது பேர்.

இதை ஏன் சொல்கிறேன் என்றால், பிறக்கும்போதே பணமுடையோடு பிறந்த கல்லூரி அது. கடைசி வரை இந்தக் கதையை நகர்த்துவது அந்தப் பணமுடைதான்.

இப்போது ஆட்டம். 'புட்பால்' என்றதும் நாம் விளையாடும் கால்பந்தை நினைத்துக்கொள்ளாதீர்கள். இது அமெரிக்கர்களின் ஆட்டம். நீள்வட்டப் பந்து. அதைக் கையில் இடுக்கிக்கொண்டு எதிரணியின் கோட்டைத் தாண்ட வேண்டும். இன்று தொலைக்காட்சியில் நீங்கள் பார்ப்பதுபோல் பந்தை முன்பக்கமாக வீசி எறியலாம் என்ற விதி அப்போது கிடையாது. அது 1906-இல்தான் வந்தது. அன்றைக்கு மூன்று முயற்சியில் ஐந்து கெஜம் முன்னேற வேண்டும், இல்லையென்றால் பந்து எதிரணிக்கு. அதனால் பந்தை வைத்திருப்பவனைச் சுற்றிச் சங்கிலிபோல் சேர்ந்துகொண்டு முட்டி மோதுவார்கள். எதிரே நிற்பவர்களும் சுவர்போல் சேர்ந்து தடுப்பார்கள். கபடியில் ஒருவனை ஏழு பேர் சேர்ந்து அமுக்குவதைப் பார்த்திருக்கிறீர்கள் அல்லவா? அதை இருபத்திரண்டு பேரோடு, எழுபது நிமிடம், திரும்பத் திரும்ப நினைத்துப் பாருங்கள். ஒரு பாதிக்கு முப்பத்தைந்து நிமிடம் என்பது அன்றைய விதி.

தலைக்கவசம் கட்டாயமில்லை. பலர் தலைமுடியை நீளமாக வளர்த்துக்கொள்வார்கள், அடி படும்போது அதுவே மெத்தை. இன்னொரு விதியும் முக்கியம். ஒருவன் மைதானத்தைவிட்டு வெளியே போய்விட்டால் அந்த ஆட்டத்தில் மறுபடி உள்ளே வர முடியாது. அதனால் அடிபட்டவன்கூட 'எனக்கு ஒன்றுமில்லை' என்று சொல்லிவிட்டு எழுந்து நிற்பான். இந்த விதியை மனத்தில் வைத்துக்கொள்ளுங்கள்.

கோட்டைத் தாண்டினால் ஐந்து புள்ளி. அதற்குப் பிறகு கம்பங்களுக்கு நடுவே பந்தை உதைத்துவிட்டால் கூடுதலாக ஒன்று. நேரடியாக உதைத்து அடிக்கும் கோலுக்கும் ஐந்து.

இனி கதைக்கு வருவோம்.

சுவானிக்கு நாஷ்வில் நகரத்து வாண்டர்பில்ட் பல்கலைக்கழகம்தான் பரம எதிரி. அந்த இரண்டு அணிகளும் மோதினால் கூட்டம் அம்மும், டிக்கெட் வசூலும் அப்படியே. சுவானி அணியின் ஆண்டுச் செலவுக்கு அந்த வசூல்தான் பெரிய கை. ஆனால் 1899-இல் வசூலைப் பங்கு போடுவதில் இரண்டு கல்லூரிகளுக்கும் தகராறு. ஆட்டமே ரத்தாகிவிட்டது. அணியின் கையில் காசில்லை.

அணிக்கு மேலாளராக இருந்தது ஒரு மாணவர். பெயர் லூக் லீ, வயது இருபது. நம் ஊரில் இருபது வயதுப் பையனிடம் ஆண்டு விழாவுக்குப் பந்தல் போடும் பொறுப்பைக் கொடுக்கவே யோசிப்போம். இந்தப் பையன் என்ன செய்தார் தெரியுமா? ஒரு பெரிய வசூல் போனால் ஐந்து சிறிய வசூல் சேர்த்துவிடலாம் என்று கணக்குப் போட்டார். டெக்சாஸ், லூசியானா, மிசிசிப்பி மாநிலக் கல்லூரிகளுக்கெல்லாம் எழுதி, ரயில் நேர அட்டவணையைப் பார்த்துத் தேதி குறித்தார். ஒரு நடை போய்விட்டு வருவதற்கான ரயில் கட்டணம் பெரியது. ஆகவே ஒரே நடையில் எத்தனை ஆட்டம் முடியுமோ அத்தனையையும் முடித்துவிட வேண்டும். வந்து சேர்ந்த கணக்கு: ஆறு நாளில் ஐந்து ஆட்டம். மொத்தப் பயணம் ஏறத்தாழ 2500 மைல், அதாவது 4000 கிலோமீட்டர். கன்னியாகுமரியில் ரயில் ஏறி டில்லி போய், அங்கிருந்து நாக்பூர் வரை திரும்பி வருகிற தூரம். அதுவும் நீராவி இன்ஜின் காலத்தில்.

அந்தப் பயணத்துக்கு முன்பே அணி நல்ல ஆட்டத்தில்தான் இருந்தது. அக்டோபர் 21-இல் ஜார்ஜியாவை 12–0 என்று வென்றார்கள். இரண்டு நாள் கழித்து ஜார்ஜியா டெக் 32–0. பிறகு டென்னசி 46–0. நவம்பர் 3-இல் சவுத்வெஸ்டர்ன் பிரஸ்பிட்டேரியன் கல்லூரி 54–0. நான்கு ஆட்டத்திலும் எதிராளிக்கு ஒரு புள்ளிகூடக் கொடுக்கவில்லை. பயிற்சியாளர் பில்லி சூட்டர், பிரின்ஸ்டனில் ஆடிப் பழகியவர். அணித்தலைவர் ஹென்றி சீபெல்ஸ், எல்லோரும் செல்லமாக 'டிட்டி' என்று கூப்பிடுவார்கள். பின்வரிசையில் ஆர்மண்ட் சிம்கின்ஸ் என்றொரு முரட்டு ஆட்டக்காரர். இந்தப் பெயரையும் நினைவில் வைத்துக்கொள்ளுங்கள்.

புறப்பட்டார்கள். படுக்கை வசதியுள்ள பெட்டியில் எல்லோரும் ஏறியாகிவிட்டது. வண்டி நகர்ந்து கொஞ்ச தூரம் போன பிறகுதான் தெரிகிறது, ஆட்டக்காரர்களின் காலணி மூட்டை ரயில் நிலையத்திலேயே கிடக்கிறது! லீ தந்தி அடித்து, அடுத்த வண்டியில் அனுப்பச் சொல்லி, ஆட்டத்துக்கு முன் ஒருவழியாக வாங்கிச் சேர்த்தார். பிள்ளைகளை மண்டலப் போட்டிக்குப் பேருந்தில் அழைத்துப் போன எந்த ஆசிரியருக்கும் இதைப் படித்ததும் சிரிப்பும் வயிற்றுக் கலக்கமும் சேர்ந்து வரும். ஆளை எண்ணுவோம், டிபன் பாக்ஸை எண்ணுவோம், கடைசியில் பந்தையே மறந்துவிட்டு வரும் அணிகளை நாம் பார்த்ததில்லையா?

தண்ணீரை மட்டும் அவர்கள் மறக்கவில்லை. தங்கள் மலை ஊற்றுத் தண்ணீரை இரண்டு பீப்பாய் நிரப்பி ரயிலில் ஏற்றிக்கொண்டார்கள். கண்ட ஊர்த் தண்ணீரைக் குடித்து வயிறு கெட்டுவிட்டால் ஆட்டமே போய்விடும். குளோரின் கலந்த குழாய்த் தண்ணீர் இல்லாத காலம். டைபாய்டும் வயிற்றுக்கடுப்பும் தண்ணீரில்தான் வரும். ஐந்து வெற்றிக்கும் அந்த இரண்டு பீப்பாய்க்கும் எவ்வளவு தொடர்பு என்று அளந்து சொல்ல முடியாது. ஆனால் படுத்த வீரனை வைத்து யாரும் ஜெயித்ததில்லை.

அணியோடு இன்னொருவரும் போனார். கறுப்பினத்தவர், பெயர் பர்ரோஸ். முதற்பெயரை நம் எழுத்தில் எழுதினால் 'கால்' என்றே வருகிறது, என்ன பொருத்தம் பாருங்கள்! ஒவ்வொரு ஆட்டம் முடிந்த பிறகும் ஆட்டக்காரர்களின் கால், தோள், முதுகு எல்லாவற்றையும் தைலம் போட்டுத் தேய்த்து, மறுநாள் எழுந்து நிற்க வைத்தது அவர் கைகள்தான். அந்தக் கல்லூரியில் கறுப்பின மாணவர் ஒருவர்கூடச் சேர முடியாத காலம் அது. அவர் தேய்த்துவிட்ட கால்கள் ஓடிய மைதானத்தில் அவர் பிள்ளை மாணவனாகக் கால் வைக்க முடியாது. இதையும் சேர்த்துப் படித்தால்தான் வரலாறு முழுசாகும்.

இனி நாட்குறிப்பு.

நவம்பர் 9, வியாழக்கிழமை. ஆஸ்டின் நகரில் டெக்சாஸ் பல்கலைக்கழகத்தோடு ஆட்டம். சுவானி 12–0 வெற்றி. சீபெல்ஸுக்குத் தலையில் அடிபட்டு ரத்தம் வழிந்தது என்றும், பிளாஸ்திரி ஒட்டிக்கொண்டு தொடர்ந்து ஆடினார் என்றும் சொல்வார்கள். வெளியே போனால் திரும்ப முடியாது என்ற அந்த விதி நினைவிருக்கிறதா?

நவம்பர் 10, வெள்ளி. ஹூஸ்டனில் டெக்சாஸ் வேளாண், இயந்திரக் கல்லூரி. 10–0.

நவம்பர் 11, சனி. ராத்திரியோடு ராத்திரியாக ஏறத்தாழ 350 மைல் பயணம் செய்து நியூ ஆர்லியன்ஸ் போய்ச் சேர்ந்தார்கள். டுலேன் பல்கலைக்கழகம். 23–0.

நவம்பர் 12, ஞாயிறு. திருச்சபைக் கல்லூரி, ஞாயிற்றுக்கிழமை ஆட்டம் கிடையாது. பையன்கள் ஒரு கரும்புத் தோட்டத்தைச் சுற்றிப் பார்த்தார்கள். மூன்று நாள் அடி வாங்கிய உடம்புக்கு அந்த ஒரு நாள்தான் ஓய்வு.

நவம்பர் 13, திங்கள். பேட்டன் ரூஜில் லூசியானா மாநிலப் பல்கலைக்கழகம். 34–0.

நவம்பர் 14, செவ்வாய். மறுபடியும் இரவுப் பயணம். மெம்பிஸ் நகரில் மிசிசிப்பி பல்கலைக்கழகம். 12–0.

கூட்டிப் பாருங்கள், கணக்கு டீச்சர் பக்கத்தில் இல்லாவிட்டாலும் பரவாயில்லை. ஐந்து ஆட்டத்தில் சுவானிக்கு 91 புள்ளி. எதிரணிகள் ஐந்துக்கும் சேர்த்துப் பூஜ்யம். ஒவ்வோர் ஊரிலும் எதிரே வந்து நின்றவர்கள் நன்றாகத் தூங்கி எழுந்து, வீட்டுச் சாப்பாடு சாப்பிட்டு வந்த புத்தம்புது பதினொரு பேர். சுவானிப் பக்கமோ பெரும்பாலும் அதே பதினொரு பேர்தான் திரும்பத் திரும்ப. ரயில் பெட்டியில் கால் நீட்டிப் படுத்து, புகையும் கரித்தூளும் சுவாசித்து, காயத்தின் மேல் காயம் வாங்கியவர்கள்.

எப்படி முடிந்தது? அன்றைய ஆட்டத்தில் வேகத்தைவிடச் சேர்ந்து நகர்வதுதான் பெரிது. ஒரே சமயத்தில் ஒரே பக்கம் பதினொரு பேரும் சாய வேண்டும். சின்னக் கல்லூரி, ஒரே விடுதி வாழ்க்கை, ஒரே குழு வாரக்கணக்காக மாறாமல் ஆடுகிறது. ஒருவன் மூச்சு விடுவது இன்னொருவனுக்குத் தெரிந்திருக்கும். இது என் ஊகம்தான். ஆனால் நாற்பது பிள்ளைகளை வைத்து நாடகம் போட்டுப் பார்த்தவர்களுக்கு இந்த ஊகம் புரியும்.

ஊர் திரும்பினார்கள். அதோடு முடிந்ததா? இல்லை. நவம்பர் 20-இல் கம்பர்லாந்து கல்லூரியை 71–0 என்று வென்றார்கள். நவம்பர் 30-இல் மான்ட்கோமரியில் ஆபர்ன் அணி. அந்த அணியின் பயிற்சியாளர் ஜான் ஹைஸ்மன். இன்றும் அமெரிக்காவின் சிறந்த கல்லூரி ஆட்டக்காரருக்கு ஆண்டுதோறும் கொடுக்கும் கோப்பை அவர் பெயரில்தான் இருக்கிறது. எதிராளி மூச்சு விடுவதற்குள் அடுத்த நகர்வைத் தொடங்கிவிடும்படி தன் பையன்களைப் பழக்கியிருந்தார். அந்தப் பருவம் முழுக்க சுவானிக்கு எதிராகப் புள்ளி எடுத்த ஒரே அணி ஆபர்ன்தான். 11–10 என்று சுவானி தப்பியது. மேலே சொன்ன விதியை வைத்துப் பார்த்தால் புரியும், இரண்டு அணிக்கும் நடுவே இருந்த வித்தியாசம் கம்பங்களுக்கு நடுவே போன ஒரே ஒரு கூடுதல் உதை. ஒரே ஒரு புள்ளி! இரண்டே நாள் கழித்து டிசம்பர் 2-இல் அட்லாண்டாவில் வட கரோலினாவை 5–0 என்று வென்று பருவத்தை முடித்தார்கள்.

நாற்பத்து மூன்று நாளில் பன்னிரண்டு ஆட்டம், பன்னிரண்டும் வெற்றி. எடுத்த புள்ளி 322, கொடுத்தது 10. அந்த அணியை அமெரிக்காவில் இன்றும் 'இரும்பு மனிதர்கள்' என்றுதான் சொல்கிறார்கள்.

இங்கேயே நிறுத்திவிட்டால் நல்ல உற்சாகமான கதை. பள்ளி ஆண்டு விழாவில் சொல்லிக் கைதட்டு வாங்கலாம். பலரும் இங்கேதான் நிறுத்துகிறார்கள். ஆனால் வரலாறு படித்தவர்கள் வரவுப் பக்கத்தைப் படித்துவிட்டு நோட்டை மூடக் கூடாது. செலவுப் பக்கமும் ஒன்று இருக்கிறது.

ஆர்மண்ட் சிம்கின்ஸை நினைவில் வைத்துக்கொள்ளச் சொன்னேன். பந்தை எடுத்துக்கொண்டு எதிரணிச் சுவருக்குள் தலையைக் கொடுத்து மோதுவது அவர் வேலை. அந்த அணியிலேயே பெரிய ஆட்டக்காரர் அவர்தான் என்று சொன்னவர்கள் உண்டு. ஆட்டத்தில் அவர் கால்களில் பட்ட அடிகள் ஆறவே இல்லை. பின்னாளில் அந்தக் காயங்களால் இரண்டு கால்களையும் எடுக்க வேண்டியதாயிற்று. 1921-இல் இறந்தார்.

எக்ஸ்-கதிர் கண்டுபிடித்தே நான்கு ஆண்டுதான் ஆகியிருந்தது. பென்சிலின் வர இன்னும் பல பத்தாண்டுகள் இருந்தன. முழங்காலுக்குள் என்ன கிழிந்தது, எது நசுங்கியது என்று பார்க்க வழியில்லை. ஆறுவதற்கு வேண்டியது ஓய்வு ஒன்றுதான். அதுதான் அந்த அட்டவணையில் இல்லவே இல்லை. அட்டவணை போட்டவர் வில்லன் அல்ல, அணியைக் காப்பாற்ற நினைத்த இருபது வயதுப் பையன். அவர் ரயில் கட்டணத்தைக் கணக்குப் போட்டார், நுழைவுச் சீட்டு வசூலைக் கணக்குப் போட்டார், தண்ணீரைக்கூடக் கணக்குப் போட்டார். கால் ஆற எத்தனை நாளாகும் என்ற கணக்கு மட்டும் யார் நோட்டிலும் இல்லை. கூட இருந்த பெரியவர்களும் அதைக் கேட்கவில்லை. 12–0, 10–0, 23–0 என்று தந்தி வரும்போது யாருக்குக் கேட்கத் தோன்றும்?

சிம்கின்ஸ் மட்டுமல்ல. அந்த ஆட்டத்தில் நாடு முழுக்கக் கல்லூரிப் பையன்கள் எலும்பு முறிந்து கிடந்தார்கள், சிலர் உயிரே விட்டார்கள். 1905-இல் சாவுச் செய்திகள் பெருகி, இந்த ஆட்டத்தையே தடை செய்யலாம் என்று பேச்சு எழுந்தது. குடியரசுத் தலைவர் தியோடர் ரூஸ்வெல்ட் ஹார்வர்ட், யேல், பிரின்ஸ்டன் பல்கலைக்கழகங்களின் பிரதிநிதிகளை வெள்ளை மாளிகைக்கு வரவழைத்துப் பேசினார். அதற்குப் பிறகுதான் விதிகள் மாறின. பந்தை முன்னே வீசலாம், ஐந்து கெஜத்துக்குப் பதில் பத்து கெஜம் முன்னேற வேண்டும் என்றெல்லாம் வந்தது. கூட்டமாக முட்டி மோதுவது குறைய வேண்டும் என்பதே நோக்கம்.

மற்றவர்கள் என்ன ஆனார்கள் என்று கேட்பீர்கள். உங்களுக்கு அதுதான் எப்போதும் பிடிக்கும்.

அணித்தலைவர் சீபெல்ஸ் நீண்ட ஆயுள் வாழ்ந்தார். 1967-இல் தொண்ணூற்றொன்றாம் வயதில் இறந்தார். கல்லூரிக் கால்பந்தின் புகழ்க்கூடத்தில் அவர் பெயரும் சேர்ந்தது. அணியில் 'முரட்டு பில்' என்று பெயரெடுத்த கிளெய்போர்ன் பாதிரியாராகி, அதே மலைப் பகுதியில் திருச்சபைப் பணியும் கல்விப் பணியும் செய்தார்.

லூக் லீயின் கதை தனிக் கதை. நாஷ்வில்லில் 'டென்னசியன்' என்ற பத்திரிகையை 1907-இல் தொடங்கினார். முப்பத்தோராம் வயதில் அமெரிக்க மேலவைக்குப் போனார். முதல் உலகப் போரில் பீரங்கிப் படைக்குத் தலைமை தாங்கினார். போர் முடிந்ததும், 1919 ஜனவரியில், நெதர்லாந்தில் அடைக்கலம் புகுந்திருந்த ஜெர்மன் கைசரைத் தூக்கி வந்து நீதிமன்றத்தில் நிறுத்துகிறேன் என்று சில வீரர்களோடு காரில் கிளம்பிவிட்டார்! கைசர் தங்கியிருந்த மாளிகைக்கு உள்ளேயே போய்விட்டார்கள். கைசரைப் பார்க்க முடியாமல் வெறுங்கையோடு திரும்பினார்கள். இல்லை, முழுக்க வெறுங்கை இல்லை. ஒருவர் அங்கிருந்த சாம்பல் கிண்ணம் ஒன்றைத் தூக்கிக்கொண்டு வந்துவிட்டார். ராணுவம் லீயைக் கண்டித்தது. பிற்பாடு 1930-களில் ஒரு வங்கி வழக்கில் சிறைக்கும் போய், மன்னிப்பும் பெற்று, 1945-இல் காலமானார். ஆறு நாளில் ஐந்து ஆட்டம் வைத்த ஆள் வேறு எப்படி வாழ்ந்திருப்பார்!

பர்ரோஸ் என்ன ஆனார்? பத்திரிகைகள் பெரிதாக எழுதவில்லை. தேய்த்துவிட்ட கைக்குப் புள்ளி கிடையாது.

கல்லூரியின் கதையில்தான் எனக்கு மிகவும் பிடித்த திருப்பம் இருக்கிறது. 1932-இல் தென்கிழக்கு மாநிலங்களின் பெரிய பல்கலைக்கழகங்கள் சேர்ந்து ஒரு போட்டிக் கூட்டமைப்பு தொடங்கின. பழைய பெருமையால் சுவானியும் அதில் சேர்ந்தது. ஆனால் மற்ற கல்லூரிகள் இதற்குள் ஆயிரக்கணக்கான மாணவர்களோடு வளர்ந்துவிட்டிருந்தன. ஆட்டக்காரர்களுக்கென்றே பணம் செலவழித்தன. சுவானி சின்னக் கல்லூரியாகவே இருந்தது. அந்தக் கூட்டமைப்புக்குள் ஆடிய 37 ஆட்டங்களில் 37-இலும் தோல்வி. ஒன்றில்கூட வெற்றியில்லை. 1899-இல் எதிரணிகளுக்கு மொத்தமே பத்துப் புள்ளி கொடுத்த அதே கல்லூரி!

அப்போது துணைவேந்தராக இருந்த அலெக்சாண்டர் கெரி ஒரு முடிவெடுத்தார். 1940-இல் கூட்டமைப்பைவிட்டு விலகுவோம், ஆட்டத்துக்காக மாணவர்களை விலைக்கு வாங்க வேண்டாம், படிக்க வந்த பிள்ளைகள் ஆசைக்கு ஆடட்டும் என்றார். பழைய மாணவர்கள் சும்மா இருந்திருப்பார்களா, நினைத்துப் பாருங்கள். முன்னோர் பெருமை என்னாவது என்று எத்தனை குரல் எழுந்திருக்கும்! ஆனாலும் முடிவு நின்றது. இன்றும் சுவானியில் இந்த ஆட்டம் உண்டு. அதற்கென்று உதவித்தொகை கிடையாது. படிக்கிற பிள்ளைகள் ஆடுகிறார்கள், தோற்கிறார்கள், ஜெயிக்கிறார்கள், திங்கட்கிழமை வகுப்புக்குப் போகிறார்கள்.

என்னைக் கேட்டால் 322–10 என்ற எண்ணைவிட இந்த முடிவுதான் பெரிய வெற்றி. முதலாவதற்கு வேண்டியது இளமையும் வைராக்கியமும். இரண்டாவதற்கு வேண்டியது, கைதட்டல் நின்றுபோனாலும் பரவாயில்லை என்கிற நெஞ்சுரம். இரண்டும் ஒரே மலையில் இருந்தன. முதலாவதைப் பற்றித்தான் புத்தகமெல்லாம் வந்திருக்கிறது.

இதை இன்று ஏன் எழுதினேன்? உங்களில் நாலைந்து பேர் இப்போது உடற்கல்வி ஆசிரியர்கள். சிலர் பிள்ளைகளைக் கிரிக்கெட் அகாடமிக்கும் நீச்சலுக்கும் காலை ஐந்து மணிக்கு வண்டியில் கொண்டுபோய் விடுகிறீர்கள். சந்தோஷம். ஆடுகிற பிள்ளை நன்றாக வளரும், இதில் எனக்குச் சந்தேகமே இல்லை. மைதானம் பார்க்காத பிள்ளையைப் பார்த்தால்தான் எனக்குக் கவலை.

ஆனால் 'ஒன்றுமில்லை சார், நான் ஆடுறேன்' என்று நொண்டிக்கொண்டே ஒரு பிள்ளை சொல்லும்போது, அது உண்மையைச் சொல்கிறதா, வெளியே போனால் மறுபடி சேர்க்க மாட்டார்கள் என்ற பயத்தில் சொல்கிறதா என்று ஒரு நிமிடம் பாருங்கள். வெளியே போனவன் உள்ளே வரக் கூடாது என்ற விதி ஆட்டப் புத்தகத்திலிருந்து எப்போதோ போய்விட்டது. பிள்ளைகள் மனத்தில் அது இன்னும் இருக்கிறது. அதை அழிக்க வேண்டியது நாம்தான். 'உட்காரு, அடுத்த ஆட்டத்துக்கு நீதான்' என்று சொல்ல ஒரு பெரியவர் பக்கத்தில் இருக்க வேண்டும். இருபது வயது மேலாளரிடம் அதை எதிர்பார்க்க முடியாது. அம்பது வயது ஆசிரியரிடம் எதிர்பார்க்கலாம்.

இரும்பு மனிதர்கள் என்று பேர் வைப்பது சுலபம். முழங்கால் யாருக்கும் இரும்பில் செய்து வரவில்லை.

படித்தவர்கள் 'படித்தேன் சார்' என்று மட்டும் போட்டுவிட்டுப் போகாதீர்கள். பள்ளி நாளில் அடிபட்டும் ஆடியவர்கள், ஆட விடாமல் உட்கார வைக்கப்பட்டு அன்று அழுதவர்கள், இன்று அதைப் பற்றி என்ன நினைக்கிறீர்கள் என்று கீழே எழுதுங்கள். ஒவ்வொன்றையும் படிப்பேன். எழுத்துப் பிழை இருந்தால் திருத்தவும் செய்வேன், அந்தப் பழக்கம் போகாது.

எல்லோரும் நலமாக இருங்கள். பிள்ளைகளுக்கு என் ஆசிகள்.

அன்புடன்,
உங்கள் பழைய வரலாற்று ஆசிரியர்